பழையதும் பரதேசமும்

ஜப்பானில் ஐந்து வருஷம் உத்தியோகம் பார்த்த நம் தம்பி மகன் சென்ற சித்திரையில் சிம்மக்கல்லில் உள்ள நம் இல்லத்திற்கு வந்திருந்தான். பரதேசத்திலிருந்து வருகிறவனுக்கு எதைப் படைப்பது என்று நமக்குப் பெருங்கவலை. ரொட்டி, கேக், பிஸ்கோத்து எல்லாம் கடைத்தெருவிலிருந்து வந்து சேர்ந்தன. அன்னையார் முதல் நாளிரவே நீரூற்றி வைத்திருந்த பழையதை, அவன் கண்ணில் படவேண்டாமென்று நாமே பின்கட்டுக்கு அப்புறப்படுத்தினோம். அன்னையார் ஒன்றும் சொல்லவில்லை. அன்று அவர்கள் அடுக்களைப் பக்கம் வரவுமில்லை.

பையன் இலைமுன் அமர்ந்து, கரங்கூப்பி, "இதாதாகிமாஸ்" என்றான். 'பணிவுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று அதற்குப் பொருளாம். பிறகு சுற்றுமுற்றும் பார்த்து, "பெரியப்பா, அப்பத்தா வைக்கும் பழையது இல்லையா?" என்றான். நாம் விழித்தோம்.

"அங்கே சோயாவைப் புளிக்கவைத்து மிசோ என்று செய்கிறார்கள். அதைக் கரைத்த சாறும், சோறும், மூன்று தொடுகறியும் அவர்கள் சம்பிரதாயச் சாப்பாடு. புளித்ததை யாரும் ஒளிப்பதில்லை" என்றான். பருவத்திற்கேற்ற பண்டம், புத்தாண்டு விருந்து இவற்றோடு கூடிய அந்த உணவு மரபை 2013-ஆம் வருஷம் யுனெஸ்கோ மனித குலத்தின் கலாசாரச் செல்வமாக ஏற்றுக்கொண்டதாம்.

நமக்கு ராஷ் பிஹாரி போஸ் நினைவுக்கு வந்தார். 1912-இல் டில்லியில் வைஸ்ராய் ஹார்டிஞ்சின் மீது குண்டு வீசிய சதியில் சம்பந்தப்பட்டு, 1915-இல் ஜப்பானுக்குத் தப்பிச் சென்ற வீரர் அவர். டோக்கியோவில் நாகமுராயா என்னும் ரொட்டிக்கடைத் தம்பதிகள் அவரை ஒளித்து வைத்துக் காத்தார்கள். 1918-இல் தங்கள் புதல்வி தோஷிகோவையும் மணமுடித்துக் கொடுத்தார்கள். ஜப்பானியர் அறிந்திருந்த கறிக் குழம்போ மாவு கரைத்த ஆங்கிலப் பாகம். போஸ் கற்பித்த இந்தியப் பாகம் 1927-இல் அக்கடையின் போஜனசாலையில் அரங்கேறியது, இன்றும் விற்பனையாகிறது. நாடு திரும்பாமலே 1945-இல் அவர் காலமானார். தாய்நாட்டை இழந்தவர் அதன் ருசியை இழக்கவில்லை. தாயின் அருகிலேயே இருந்த நாமோ அவர் பானையை மறைத்து வைத்தோம்!

எழுந்து சென்று பானையை எடுத்து வந்தோம். அன்னையாரும் வந்தார்கள், சின்ன வெங்காயமும் மோர்மிளகாயும் வைத்துப் பரிமாறினார்கள்.

"என்னமோ சொன்னியே அய்யா, அதை உன் பெரியப்பனுக்கும் சொல்லிக் குடு" என்றார்கள்.

நாமும் கை கூப்பினோம்.