வீடு எத்தனை வருஷம்?

உங்கள் வீடு என்ன விலை என்று யாராவது கேட்டால் டக்கென்று சொல்லிவிடுவீர்கள். நானும் அப்படித்தான். '40 லட்சம்' என்பேன். பெருங்களத்தூரில், ஸ்டேஷனிலிருந்து நடக்கிற தூரத்தில், இரண்டாவது மாடியில், பத்து வருஷப் பழைய ஃபிளாட். 2021 செப்டம்பரில் வாங்கினேன். பத்து லட்சம் கைப்பணம், 30 லட்சம் வங்கிக் கடன்.

கைப்பணம் என்று சுலபமாகச் சொல்லிவிட்டேன். அதில் என் பி.எஃப். இருந்தது, மனைவியின் இரண்டு வடம் சங்கிலி இருந்தது, மைத்துனரிடம் வாங்கிய கைமாற்று இருந்தது. இது போதாதென்று முத்திரைத் தீர்வை 7 சதவிகிதம், பதிவுக் கட்டணம் 4 சதவிகிதம். அன்றைய நிலவரம் அது. வீட்டைக் கட்டிப்பார் என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்?

இருந்தாலும் சந்தோஷமாகத்தான் இருந்தேன். காரணம், வட்டி. 6.75 சதவிகிதம்! கொரோனா காலத்தில் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவிகிதத்துக்கு இறக்கி வைத்திருந்தது. 'இவ்வளவு குறைஞ்ச வட்டிக்கு இனிமே கிடைக்காது சார்' என்றார் வங்கி அதிகாரி. அவர் சொன்னதில் பொய்யில்லை. இனிமேல் எனக்கும் கிடைக்காது என்பதைத்தான் நான் புரிந்துகொள்ளவில்லை.

20 வருஷம், 240 தவணை, மாதம் 22,811 ரூபாய். சம்பளத்துக்குள் அடங்கிவிட்டது. கையெழுத்துப் போட்டேன். எத்தனை கையெழுத்து என்கிறீர்கள்? விரல் வலித்தது. ஒரு தாளையும் படிக்கவில்லை.

இத்தனைக்கும் நான் பி.காம். படித்தவன். கூட்டு வட்டியில் நூற்றுக்குத் தொண்ணூறு வாங்கியவன். பத்திரிகையில் பட்ஜெட் பற்றியெல்லாம் எழுதுகிறவன். அந்தத் தெம்பில்தான் படிக்கவில்லை என்று இப்போது தோன்றுகிறது.

ஒரு பேனா எடுத்துக்கொள்ளுங்கள். 22,811-ஐ 240-ஆல் பெருக்குங்கள். 54 லட்சத்து 74 ஆயிரத்துச் சொச்சம் வரும். அதாவது 30 லட்சம் வாங்கி, 54 முக்கால் லட்சம் திருப்பிக் கொடுக்கிறேன். வட்டி மட்டும் 24 முக்கால் லட்சம். இது வட்டி ஒரு பைசாகூட ஏறாமல், அதே 6.75-ல் இருபது வருஷமும் நின்றிருந்தால்!

இந்தக் கணக்கை நான் முதல் நாளே போட்டிருக்க வேண்டும். போட்டிருந்தாலும் வாங்கியிருப்பேன், அது வேறு விஷயம். ஆனால் தெரிந்து வாங்கியிருப்பேன்.

அடுத்தது, இந்த இ.எம்.ஐ. எப்படி வேலை செய்கிறது என்பது. கல்யாணப் பந்தி மாதிரி நினைத்துக்கொள்ளுங்கள். முதல் பந்தியில் வட்டி உட்கார்ந்துவிடும். அது சாப்பிட்டு எழுந்த பிறகு என்ன மிச்சமோ, அதுதான் அசலுக்கு. என் முதல் தவணை 22,811-ல் வட்டி சாப்பிட்டது 16,875. அசலுக்குக் கிடைத்தது 5,936. மாதம் போகப் போக அசல் கொஞ்சம் கொஞ்சமாகக் குறையும், வட்டியின் பசியும் குறையும். ஆனால் மெதுவாக. ரொம்ப மெதுவாக. வட்டி ஏறாமல் இருந்திருந்தாலும், 30 லட்சத்தில் பாதியை அடைக்கவே எனக்கு 13 வருஷத்துக்கு மேல் ஆகியிருக்கும். மீதிப் பாதி கடைசி ஏழு வருஷத்துக்குள் ஓடி முடியும்.

சரி, வட்டி ஏறினால்?

2022 மே மாதம் ரிசர்வ் வங்கி ரெப்போவை ஏற்ற ஆரம்பித்தது. விலைவாசியை அடக்க வேண்டுமே! 2023 பிப்ரவரிக்குள் 4 சதவிகிதம் ஆறரை ஆகிவிட்டது. ஒன்பதே மாதத்தில் இரண்டரை சதவிகிதம். 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த ஃப்ளோட்டிங் கடன்களின் வட்டி வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டிப்போடப்பட்டது. பெரும்பாலான வங்கிகள் ரெப்போவைத்தான் எடுத்துக்கொண்டன. மேலே ஏறினால் மூன்று மாதத்துக்குள் நம் கடனிலும் ஏறியாக வேண்டும். என் 6.75 படிப்படியாக 9.25 ஆனது.

இதில் எனக்குத் தெரிந்தது என்ன தெரியுமா? ஒன்றுமே தெரியவில்லை. மாதா மாதம் ஐந்தாம் தேதி 22,811 போனது. அடுத்த மாதமும் 22,811-தான் போனது.

2022 ஜூலையில் ஒரு ராத்திரி, மனைவி என் செல்போனில் வங்கியின் ஆப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏங்க, நமக்கு இன்னும் எத்தனை டியூ இருக்கு?"

"ஒன்பது கட்டியாச்சு. 231."

"இதுல 273-னு போட்டிருக்கே?"

"வட்டி ஏறியிருக்குல்ல, அது ஏதாவது இருக்கும். இ.எம்.ஐ. ஏறலையே, அப்புறம் என்ன?"

அந்த ஒரு வாக்கியம்! 'இ.எம்.ஐ. ஏறலையே!' என் வாழ்க்கையில் நான் சொன்ன விலை உயர்ந்த வாக்கியம் அதுதான். அக்டோபரில் அந்த எண் 364 ஆகியிருந்தது. அவள் மறுபடியும் காட்டினாள். நான் மறுபடியும் அதையே சொன்னேன். 'கணக்குப் படிச்சது நீயா, நானா?' என்று கூடுதலாக ஒன்றும் சொன்னேன். அதற்குப் பிறகு அவள் காட்டவில்லை.

2023 ஏப்ரலில் வங்கியிலிருந்து போன். 'நேரில் வாங்க சார், இ.எம்.ஐ. மாத்தணும்.' போனேன். மேஜைக்கு அந்தப் பக்கம் ஓர் இளம் பெண். என் மகள் வயதுக்கு ஒரு பத்து வயது கூட இருப்பார். கம்ப்யூட்டர் திரையை என் பக்கம் திருப்பினார்.

"சார், 18 டியூ கட்டியிருக்கீங்க. மொத்தம் 4 லட்சத்து 10 ஆயிரம். அசல்ல கழிஞ்சது 74 ஆயிரம். இப்போ வட்டி மாசம் 22,551 வருது. நீங்க கட்டறது 22,811."

அதாவது, என் தவணையில் அசலுக்குப் போவது 260 ரூபாய். ஒரு பிரியாணி விலை.

"இப்படியே விட்டா எப்போ முடியும்மா?"

அவர் எதையோ தட்டினார். கொஞ்சம் தயங்கினார். "583 மாசம் காட்டுது சார். சிஸ்டம் ஒத்துக்காது. அதனாலதான் கூப்பிட்டோம்."

583 மாதம். 48 வருஷம் ஏழு மாதம். அப்போது எனக்கு 43. கடன் முடியும்போது 91 தாண்டியிருக்கும். அன்றைக்கு 12 வயதில் ஏழாவது படித்துக்கொண்டிருந்த என் மகளுக்கே அறுபது ஆகியிருக்கும். மாப்பிள்ளைக்கு அறுபதாம் கல்யாணம் நடக்கும், நான் மண்டபத்தின் ஓரமாக உட்கார்ந்து கடைசித் தவணையைக் கட்டிக்கொண்டிருப்பேன்!

சிரிக்கிறீர்கள். நானும் அங்கே சிரித்துவிட்டேன். வெளியே வந்து வண்டியை ஸ்டார்ட் பண்ணும்போது கை நடுங்கியது.

வீட்டுக்கு வந்து எக்ஸெலைத் திறந்து, 2021-ல் போட்டிருக்க வேண்டிய கணக்கை 2023-ல் போட்டேன். பழைய இ.எம்.ஐ.யையே 583 மாதம் கட்டினால் ஒரு கோடியே 33 லட்சம். அதே கடனை முதலில் பேசியபடி 2041-க்குள் முடிக்க வேண்டுமென்றால் மாதம் 27,563 கட்ட வேண்டும். மிச்சமிருக்கும் 222 மாதத்துக்கு மொத்தம் 61 லட்சத்துச் சொச்சம். மாதம் 4,752 ரூபாய் கூடக் கட்டினால், 72 லட்சம் மிச்சம்! வங்கி 583 மாதம் விட்டிருக்காதுதான். ஆனால் 364 வரை சத்தமில்லாமல் விட்டதே, அதுவே எனக்கு 72 வயது!

வங்கியை நான் குறை சொல்ல மாட்டேன். அந்த எண் ஆப்பில் இருந்தது. பார்த்துச் சொன்ன ஆள் வீட்டிலேயே இருந்தாள்.

ஊரெல்லாம் என்னைப் போல் நிறையப் பேர் இருந்திருக்க வேண்டும். 2023 ஆகஸ்ட்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது இ.எம்.ஐ.யை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும். எத்தனை தவணை பாக்கி, இதுவரை அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்குக் கொடுக்க வேண்டும். அந்தக் காகிதம் உங்களுக்கும் வரும். தயவுசெய்து குப்பையில் போடாதீர்கள்.

மாதம் 4,752 ரூபாய்க்கு எங்கே போவது? ஞாயிற்றுக்கிழமை ஓட்டலை நிறுத்தினோம். கேபிளை நிறுத்தினோம். அப்படியும் துண்டு விழுந்தது. கடைசியில் மகளின் கீபோர்டு வகுப்பை ஒரு வருஷம் நிறுத்தினோம். 'பரவால்லப்பா, எக்ஸாம் வருதுல்ல' என்றாள். அந்த ஒரு வருஷம் எந்த எக்ஸெல் கட்டத்திலும் வராது. வீட்டின் விலையில் அதையும் சேர்த்துக்கொள்ளத்தான் வேண்டும்.

அதே மாதம் மனைவிக்குச் சீட்டுப் பணம் ஒரு லட்சம் வந்தது. மாடுலர் கிச்சனுக்காக இரண்டு வருஷமாகக் கட்டி வந்த சீட்டு. ஒரு வார்த்தை பேசாமல் செக் புத்தகத்தை எடுத்து, "இதைக் கடன்ல கட்டினா எத்தனை மாசம் குறையும்?" என்று கேட்டாள். போட்டுப் பார்த்தேன். 222 மாதம் 204 ஆனது. ஒரு லட்சத்துக்கு 18 தவணை காணாமல் போனது. ஏறக்குறைய 5 லட்சம் ரூபாய்!

மந்திரம் ஒன்றும் இல்லை. ஆரம்பத்தில் கட்டுகிற கூடுதல் பணம் பந்தியில் வட்டியோடு உட்காராது, நேராக அசலில் போய்க் கழியும். அது கழிந்தால், இத்தனை வருஷமும் அதன்மேல் ஏறவிருந்த வட்டியும் சேர்ந்து போகும். அதே ஒரு லட்சத்தைக் கடைசி வருஷத்தில் கட்டினால் நாலு தவணை குறையும், அவ்வளவுதான். ஃப்ளோட்டிங் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டியே கட்டினால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. கட்டும்போது ஒன்று மட்டும் எழுதிக் கொடுங்கள்: 'இ.எம்.ஐ.யைக் குறைக்க வேண்டாம், மாதத்தைக் குறையுங்கள்.' ஆனால், ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தொடாமல் வைத்துக்கொண்டு மிச்சத்தைக் கட்டுங்கள். ஆஸ்பத்திரிச் செலவு வந்தால் கட்டிய அசலை அவ்வளவு சுலபமாகத் திருப்பி வாங்க முடியாது.

வருமான வரி மிச்சமாகுமே என்று நண்பர் ஒருவர் கேட்டார். பழைய வரி முறையில் இருப்பவர்களுக்கு, நாம் குடியிருக்கும் வீடென்றால் வருஷத்துக்கு 2 லட்சம் வரை வட்டிக்குக் கழிவு உண்டு. புதிய முறையில் அதுவும் இல்லை. கழிவு கிடைத்தாலும் என்ன? 20 அல்லது 30 ரூபாய் வரியை மிச்சம் பிடிக்க 100 ரூபாய் வட்டி கட்டுவதை எந்த பி.காம். புத்தகத்தில் லாபம் என்று எழுதியிருக்கிறார்கள்?

அப்படியானால் கடன் வாங்கி வீடு வாங்குவதே தப்பா? இல்லை. வீட்டுக்காரர் காலி பண்ணச் சொல்வாரோ என்ற பயமில்லாமல் தூங்குகிறோம். சுவரில் ஆணி அடிக்க யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம். இருபது வருஷம் கழித்து 27,563 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது என்பதும் உண்மை. எல்லாவற்றையும் கூட்டிக் கழித்தும் எனக்கு வருத்தம் இல்லை. விலை தெரியாமல் வாங்கினேன் என்பதுதான் வருத்தம்.

2025-ல் காற்று திசை மாறியது. பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் ரெப்போ ஆறரையிலிருந்து ஐந்தரைக்கு இறங்கியது. இ.எம்.ஐ.யைக் குறைக்கும் வழி இருப்பதை ஆப்பில் பார்த்தேன். மாதம் ஒன்றரை ஆயிரம் ரூபாய்க்கு மேல் கையில் நிற்கும். ஆசையாகத்தான் இருந்தது. இந்த முறை நான் அவளிடம் போனைக் கொடுத்தேன். "நீயே சொல்லு" என்றேன். அவள் இரண்டு எண்களையும் பார்த்தாள். "இ.எம்.ஐ. அப்படியே இருக்கட்டும். மாசம் குறையட்டும்" என்றாள்.

எங்கள் வீட்டுத் தினசரி காலண்டரில் இப்போது ஒரு பழக்கம். ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதித் தாளில், ராகுகாலம் எமகண்டத்துக்குக் கீழே, மனைவி பேனாவால் ஓர் எண்ணை எழுதி வைப்பாள். இன்னும் எத்தனை தவணை என்ற எண். அடுத்த ஐந்தாம் தேதி அது ஒன்றாவது குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் நான் வங்கிக்குப் போக வேண்டும். இதுதான் ஒப்பந்தம்.

உங்கள் இ.எம்.ஐ. எவ்வளவு என்று உங்களுக்குத் தெரியும். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வீர்கள். இன்னும் எத்தனை மாதம் பாக்கி? இந்தப் பக்கத்தை மூடிவிட்டு, போனை எடுத்து ஒருமுறை பாருங்கள். வீட்டில் யாராவது ஏற்கெனவே பார்த்துவிட்டு உங்களிடம் சொல்லியிருந்தால், அவர்கள் சொன்னதைத் திரும்ப ஒருமுறை கேளுங்கள்.