இருளைக் காட்டியவர்

பேய்ப் படங்களைப் பற்றிக் கல்லூரி விழா மலரில் எழுதுவதா என்று முகஞ் சுளிக்கும் அன்பர்கள் இருக்கக்கூடும். அவர்களுள் நாமும் ஒருவராயிருந்தோம். ஆதலின், எமது மனம் மாறிய வரலாற்றையே முதலிற் கூறிவிடுகிறோம்.

விடுதிச்சாலையில் வாழ்ந்த காலத்தில் மாணவர் நாடகமொன்றை எழுதி மேடையேற்றினோம். அதிலே ஓர் ஆவி தோன்றவேண்டும். வெள்ளை வேட்டி, முகத்திற் பூசச் சிறிது மா, ஒரு பெற்றோமக்ஸ் விளக்கு. எம்மிடம் இருந்தவை அவ்வளவே. ஆவி மேடைக்கு வந்ததும் சபை கொல்லென்று சிரித்தது. கையிற் பணம் இருந்திருந்தால் அவர்களை நடுங்க வைத்திருப்போம் என்று நெடுங்காலம் எம்மை நாமே தேற்றிக்கொண்டோம். அத்தேறுதலைக் கெடுத்தவர் வால் லூற்றன் என்னும் படத் தயாரிப்பாளர்.

1904 இல் யால்ற்றா நகரிற் பிறந்து, சிறுவயதிலேயே அமெரிக்கா சென்றவர் இவர். நாவல்கள் எழுதினார், பின்னர் டேவிட் செல்ஸ்னிக் என்னும் பெருந் தயாரிப்பாளரிடம் கதைப் பகுதியிற் பணிபுரிந்தார். 1942 இல் ஆர். கே. ஓ. நிறுவனம் திகிற் படப் பிரிவொன்றை அவரிடம் ஒப்படைத்தது. ஓர்சன் வெல்சின் படங்களால் நட்டப்பட்டிருந்த நிறுவனம் அது. எனவே மூன்று நிபந்தனைகளை விதித்தது: செலவு 150,000 டொலரைத் தாண்டலாகாது, படம் 75 நிமிடத்துக்கு மேற் போகலாகாது, தலைப்பை நிறுவனமே கொடுக்கும். (தலைப்பைக் கரும்பலகையில் எழுதிவிட்டுக் கதிரையில் அமரும் தமிழாசான் நினைவுக்கு வருகிறார்.)

முதலிற் கொடுத்த தலைப்பு ‘கேட் பீப்பிள்’, அதாவது பூனை மனிதர். வேறொருவராயின் நடிகைக்கு மயிர்த்தோல் போர்த்தியிருப்பார். லூற்றனோ இருளைக் காட்டினார். ஒரு பெண் இரவிலே நியூயோர்க் பூங்காவின் மதிலோரமாகத் தனியே நடக்கிறாள். பின்னாலே காலடியோசை. திடீரென அவ்வோசை நின்றுவிடுகிறது. ஒரு தெருவிளக்குக்கும் அடுத்த விளக்குக்கும் இடையே இருள். அவள் விரைகிறாள், ஓடுகிறாள். சீறலொன்று காதைக் கிழிக்கிறது. வந்து நின்றது பஸ் வண்டி! நெறியாளர் ஜாக் தூர்நேர், படத்தொகுப்பாளர் மார்க் றொப்சன் ஆகியோரின் கைவண்ணமும் அக்காட்சியில் உண்டு. இவ்வுத்திக்குப் படக்கலைஞரிடையே ‘பஸ்’ என்றே பெயர் நிலைத்துவிட்டது. வெல்சின் படமொன்றுக்காகக் கட்டிய மாடிப்படியே கதாநாயகியின் இருப்பிடத்துக்கும் உதவியது.

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பது எம் பாட்டிமார் அறிந்த உண்மை. இராவிலே பனங்கூடலூடாக வருபவனுக்குக் காவோலை விழும் ஓசை போதும். பல்லாண்டுகளின் பின் இப்படத்தைப் பார்த்தபோதுதான், விளக்கைத் தணிப்பதற்கு எமக்கு ஒரு சதமும் செலவாகியிராது என்பது உறைத்தது.

அடுத்து வந்தது ‘நடைப்பிணத்துடன் நான் நடந்தேன்’ என்னும் தலைப்பு. இத்துணை மலிவான பெயருக்குள் சார்லட் புரொண்டியின் ‘ஜேன் அயர்’ நாவலின் சாயலை வைத்து, மேற்கிந்தியத் தீவொன்றைக் கதையின் களமாக்கினார். ‘பூனை மனிதரின் சாபம்’ (1944) தனிமையில் வாடும் ஒரு சிறுமியின் கதையாயிற்று. பேயைத் தேடி வந்தோர் ஏமாந்திருப்பர். எம் மதிப்பில் அவர் படங்களுள் இதுவே முதன்மையானது. றொபேட் வைஸ் முதன்முதல் நெறியாளரானது இப்படத்திலேதான். ‘சவுண்ட் ஒப் மியூசிக்’ (1965) எடுத்தவர் அவரே.

திரைக்கதைகளின் இறுதிப் பிரதியை லூற்றன் தாமே திருத்தி எழுதுவார். ஆயினும் எழுத்தாளராகப் பெரும்பாலும் பெயர் போட்டுக்கொள்ளார். 1945 இலும் 1946 இலும் வந்த இரு படங்களில் மட்டும் ‘கார்லோஸ் கீத்’ என்ற புனைபெயர் காணப்படும். நான்கைந்து ஆண்டுகளில் ஒன்பது திகிற் படங்கள்! பின்னர் வேறு நிறுவனங்களில் மூன்று படங்களே எடுத்தார். 1951 மார்ச் மாதத்தில் மாரடைப்பால் இறந்தார். அப்பொழுது வயது 46. கடைசிப் படம் அவர் மறைந்த பின்னரே திரைக்கு வந்தது.

அண்மையிலே ‘கேட் பீப்பிள்’ படத்தை மீண்டும் பார்த்தோம். பஸ் வரும் இடம் நன்கு தெரிந்திருந்தும், கதிரையின் கையை இறுகப் பற்றிக்கொண்டிருந்தோம்.