கூப்பிட்டால் வருகிற ஆள்

பழைய ஸ்கோர் கார்டுகளைப் புரட்டுவது எனக்கு ஒரு பைத்தியம். பெரிய சதங்களைத் தாண்டிக் கண் தானாகக் கீழ்வரிசைக்குப் போய்விடும். 1952 அக்டோபர், தில்லி, இந்தியாவும் பாகிஸ்தானும் மோதிய முதல் டெஸ்ட்: ஹேமு அதிகாரி 81 நாட் அவுட். ஒன்பதாவது விக்கெட் விழுந்தபோது ஸ்கோர் 263. கடைசி ஆளாக வந்த குலாம் அகமதுவை வைத்துக்கொண்டு மேலும் 109 ரன் சேர்த்தார். குலாமே 50 அடித்துவிட்டார்! 13 விக்கெட் எடுத்த வினூ மன்கட்டுக்கு முன்னால் இதெல்லாம் எடுபடவில்லை. ஆனால் 2004-இல் டாக்காவில் டெண்டுல்கரும் ஜாகீர் கானும் 133 எடுக்கிறவரை, கடைசி விக்கெட்டுக்கு இந்திய சாதனை அதுதான். அதற்கு முந்தைய வருஷமே அதிகாரி காலமாகிவிட்டார்.

பூனாக்காரர். ராணுவத்தில் லெப்டினன்ட் கர்னல். 1947 முதல் 1959 வரை ஆடியது 21 டெஸ்ட்தான். என்னைக் கேட்டால், சர்வீசஸ் அணியை 1956-57, 1957-58 என இரண்டு வருஷம் தொடர்ந்து ரஞ்சி இறுதிப் போட்டிக்குக் கூட்டிப் போனதுதான் பெரிய காரியம். எந்நேரமும் மாற்றல் உத்தரவு வரக்கூடியவர்களைச் சேர்த்து ஓர் அணியாக்குவது லேசா? இரண்டிலும் தோல்வி, ஒரு தடவை பம்பாயிடம், மறு தடவை பரோடாவிடம்.

1958-59-இல் மேற்கிந்தியர் வந்தபோது நம் வாரியம் ஆடிய கூத்து தனி. ஐந்து டெஸ்டுக்கு நாலு கேப்டன்! சென்னை டெஸ்டுக்கு முன்னால் ஆள் தேர்வுத் தகராறில் உம்ரிகர் விலக, மன்கட் தலைமை ஏற்றார். அந்த மேட்சில்தான் அபூர்வ சென்குப்தா என்ற இன்னொரு ராணுவ அதிகாரி தன் ஒரே டெஸ்டை ஆடினார். தில்லியில் நடந்த கடைசி டெஸ்டுக்குக் கேப்டன் யார்? கர்னலைக் கூப்பிட்டார்கள். வயது 39. 63, 40 என்று இரண்டு இன்னிங்ஸிலும் ரன், லெக் ஸ்பின்னில் மூன்று விக்கெட். மேட்ச் டிரா. அதோடு டெஸ்டுக்கு முழுக்கு.

மறுபடி கூப்பிட்டது 1971-இல், இங்கிலாந்துக்கு மேனேஜராக. ஃபீல்டிங்கில் கர்னல் கறார். ஓவலில் சந்திரசேகர் 38 ரன்னுக்கு 6 விக்கெட் எடுத்தது ஊரறிந்த கதை. நான் பார்ப்பது கேட்ச்களை. 101-க்குச் சுருண்ட அந்த இன்னிங்ஸில் ஏழு பேர் கேட்ச். நம் வெங்கட்ராகவன் பந்தில் ஆலன் நாட் தடுத்தாட, பேட்டுக்குப் பக்கத்திலேயே நின்ற சோல்கர் முன்னால் பாய்ந்து, தரையோடு தரையாக விழுந்து பிடித்தார். இங்கிலாந்து மண்ணில் நமக்கு முதல் தொடர் வெற்றி.

1974-இலும் அவர்தான் மேனேஜர். லார்ட்ஸில் 42-க்கு ஆல் அவுட், மூன்று டெஸ்டும் தோல்வி. கேட்ச் பிடிக்கப் பழக்கலாம்; இங்கிலாந்து வானத்தைக் கர்னல் என்ன செய்வார்?