பதினோராவது தடை

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., இயற்பியல்)

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை முதன்முதலில் மிதித்தவள் நான். ஆகவே தடைகளைத் தாண்டியவர்கள் மீது எனக்குத் தனி மதிப்பு உண்டு. அப்படி நான் போற்றியவர் லுட்மிலா எங்க்விஸ்ட்.

100 மீட்டர் ஓட்டத்தில் 10 தடைகள். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 84 சென்டிமீட்டர் உயரம். ரஷ்யாவில் பிறந்த அவர், 1991-இல் டோக்கியோவில் சோவியத் நாட்டுக்காக உலகப் பட்டம் வென்றார். 1993-இல் ஊக்கமருந்துப் புகாரில் விலக்கி வைக்கப்பட்டு, பின்னர் மீண்டும் அனுமதிக்கப்பட்டார். சுவீடனில் குடியேறி, 1996-இல் அந்நாட்டுக் குடியுரிமை பெற்றார். அவ்வாண்டே அட்லாண்டா ஒலிம்பிக்கில் 12.58 விநாடிகளில் தங்கம்! இரண்டாமவர் பின்தங்கியது விநாடியில் நூறில் ஒரு பங்குதான். 1999-இல் மார்பகப் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை. சில மாதங்களிலேயே செவில் உலகப் போட்டியில் வெண்கலம். படித்தபோது என் கண்கள் பனித்தன.

ஆனால் 2001-இல், பனிச்சறுக்கு வண்டிப் போட்டிக்கு ஆயத்தமானபோது ஊக்கமருந்து உட்கொண்டதாக அவரே ஒப்புக்கொண்டார். நோயை வென்றவர் ஆசையிடம் தோற்றார்.

அவர் மீது கோபம் வந்தது. அன்றிரவு என் ரெக்கார்டு நோட்டைத் திறந்தபோது கோபம் அடங்கிற்று. தனி ஊசல் சோதனையில், எடுக்காத அளவுகளை விடை சரியாக வரும்படி நானே எழுதியிருந்தேன்! மறுநாள் ஆசிரியரிடம் சொன்னேன். மீண்டும் செய்யச் சொன்னார். விடை சற்றுப் பிசகியே வந்தது, அதற்குத்தான் கையொப்பமிட்டார்.

தோழர்களே, பத்துத் தடைகளுக்கும் அப்பால் பதினோராவது ஒன்று நிற்கிறது. அது களத்தில் இல்லை. நம் உள்ளத்தில் இருக்கிறது.