எல்லைக்கல்

அண்டை வீட்டாரோடு பூசல் எழப் பெரிய காரணம் ஏதும் வேண்டுவதில்லை. ஒரு முள்வேலியே போதும். 1984 ஆம் ஆண்டில் எங்களுக்கும் பக்கத்து வீட்டாருக்கும் அப்படித்தான் வழக்கு மூண்டது. வேலியோரம் நின்ற ரம்புத்தான் மரம் யாருடையது என்பதே கேள்வி. அது என் தந்தையார் நட்ட மரம்.

நீதிமன்றம் இரு தரப்புக்கும் பொதுவாக, உரிமம் பெற்ற நில அளவையாளர் ஒருவரை நியமித்தது. அவர் யாருடைய நியாயத்தையும் கேட்கவில்லை. பழைய வரைபடத்தை விரித்தார். அதில் அளவுகள் சங்கிலிக் கணக்கில் இருந்தன. ஒரு சங்கிலி 66 அடி. அதில் நூற்றில் ஒரு பங்கு ஒரு கண்ணி. தியோடலைட் கருவியால் கோணம் பார்த்து, எஃகு நாடாவால் அளந்து, ஓரிடத்தைத் தோண்டச் சொன்னார். ஓரடி ஆழத்தில் எல்லைக்கல் தட்டுப்பட்டது. எங்கள் வேலி 3 கண்ணி, அதாவது இரண்டடிக்கும் குறைவாக, அவர்கள் நிலத்திற்குள் சென்றிருந்தது. மரமும் அங்கேதான் நின்றது.

"இருபது ஆண்டு அனுபவித்தோமே!" என்றார் தந்தையார். 1965 ஆம் ஆண்டின் தேசிய நிலச் சட்டப்படி, எத்தனை ஆண்டு அனுபவித்தாலும் பிறர் பெயரில் பதிவான நிலம் நமதாகிவிடாது என்று வழக்கறிஞர் விளக்கினார்.

வேலியைப் பெயர்த்து நட்டோம். அவர்கள் மரத்தை வெட்டவில்லை. அடுத்த பருவத்தில் ஒரு கூடைப் பழம் எங்கள் வாயிலுக்கு வந்தது. தந்தையார் அதைத் தொடவில்லை; திருப்பி அனுப்பவும் இல்லை.

வழக்கிற்குச் செலவிட்ட பணத்தில் சிறு பகுதியைக் கொண்டு, இரு வீட்டாரும் சேர்ந்தே ஓர் அளவையாளரை முன்னரே அழைத்திருக்கலாம். அந்தக் கல் அங்கேதான் இருந்தது.