மெர்சிடிஸ் டபிள்யூ124: பலமும் பலவீனமும்

1984 இறுதியில் வெளிவந்த மெர்சிடிஸ் பென்ஸ் டபிள்யூ124 செடான், ஜெர்மானியப் பொறியியலின் உச்சங்களில் ஒன்று. காற்றுத் தடைக் குணகம் சுமார் 0.30 மட்டுமே, அந்தக் காலத்துக்கு அது பெரிய சாதனை. பின்சக்கரம் ஒவ்வொன்றையும் 5 இணைப்புத் தண்டுகள் தாங்குவதால், மேடுபள்ளத்திலும் வளைவிலும் வண்டி அலைபாயாது. முன்கண்ணாடிக்கு ஒரே வைப்பர்தான். அது சுழலும்போதே நீண்டும் சுருங்கியும் மேல் மூலைகளை எட்டி, கண்ணாடியின் 86 சதவீதப் பரப்பைத் துடைத்துவிடும். உள்ளே இருக்கும் பற்சக்கரங்களில் கிரீஸ் வற்றவிடக் கூடாது.

டீசல் இன்ஜின்கள் நீண்ட ஆயுளுக்குப் பேர் போனவை. 

இந்த வண்டியின் மிகப் பெரிய பலவீனம் வயரிங். 1990களின் முற்பகுதியில் வந்த பெட்ரோல் மாடல்களில், மட்கக்கூடிய பொருளால் ஆன வயர் உறை பயன்படுத்தப்பட்டது. இன்ஜின் சூட்டில் அது காய்ந்து பொடிப்பொடியாக உதிர்கிறது. செம்புக் கம்பிகள் ஒன்றோடொன்று உரசி, ஐட்லிங் தடுமாறும், சில வேளை கட்டுப்பாட்டுக் கருவியே எரிந்துபோகும். 6 சிலிண்டர் எம்104 இன்ஜினில் ஹெட் கேஸ்கெட்டின் பின்மூலையில் ஆயில் கசிவதும் சகஜம். ஜாக்கி வைக்கும் இடங்களிலும் முன் மட்கார்டுகளிலும் துரு பிடிக்கும்.

பழைய டபிள்யூ124 பெட்ரோல் வண்டி வாங்க நினைப்பவர்கள், பெயின்ட்டின் பளபளப்பைப் பார்க்கும் முன் பானட்டைத் திறந்து வயரிங் மாற்றப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள்.