பொம்மிடியில் ஒரு நண்பகல்

சேலத்துக்கு ரயிலில் போகிறீர்களா? ஜோலார்பேட்டையைத் தாண்டி, பொம்மிடியில் சற்று இறங்கிப் பாருங்கள், சகோதரிகளே! தெற்கே சேர்வராயன் மலை குளுகுளுவென்று நிற்கும். காலடியில் பிளாட்பாரம் கொதிக்கும்.

மனத்துக்கும் பொழுதுக்கும் முடிச்சுப் போட்டவர் தொல்காப்பியர். கூடலுக்கு நள்ளிரவு, காத்திருத்தலுக்குக் கார்கால மாலை, பிரிவுக்கு வேனில் நண்பகல்! பிரிவுக்கு இரவல்லவா பொருத்தம் என்று கேட்பீர்கள். இந்த ஸ்டேஷனில் நின்றால் கேட்க மாட்டீர்கள்.

திருப்பூருக்கு வேலைக்குப் போகும் கணவனை வண்டியேற்ற வந்திருக்கிறாள் ஒருத்தி, இடுப்பில் குழந்தையுடன். வண்டி நின்றதும் தெரியவில்லை, கிளம்பியதும் தெரியவில்லை. அப்புறம் வெயில் நகரவே மாட்டேன் என்கிறது. அவள் நிழல் காலடியிலேயே கிடக்கிறது.

தீபாவளிக்கு வருவாராம். அதற்கு முன்னால் ஆவணியும் புரட்டாசியும் கார்காலம். அத்தனை மாலைகளையும் அவள் கழித்தாக வேண்டும்.